என்ட்ரியை வாசித்துக் காட்டச் சொல்லுங்கள்

பொலிஸ், கோடு, கச்சேரி அலுவல்கள் பற்றிய வாசகர் கேள்விகளுக்கு, திருகோணமலையில் நீதிமன்றப் பதிவகத்தில் இலிகிதராக இருந்து ஓய்வுபெற்றவர் பதில் தருகிறார்.

கேள்வி: கரையில் இழுத்து வைத்திருந்த போட்டிலிருந்து என் கணவரின் என்ஜினைக் களவெடுத்துவிட்டார்கள். பொலிஸில் என்ட்ரி போடப் போனோம். தமிழில் சொன்னதைச் சிங்களத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கினார்கள். பிரதியை எடுத்து, தெரிந்த ஒருவரிடம் காட்டினால், என்ஜின் காணாமல் போனதாகத்தான் இருக்கிறதாம். களவு என்றே இல்லையாம். இனி என்ன செய்வது?
— கடற்கரை ஊரொன்றிலிருந்து ஒரு வாசகி

பதில்: கையெழுத்துப் போட்டுவிட்டோமே என்று பயப்படாதீர்கள், தங்கச்சி. கணவரையும் கூட்டிக்கொண்டு அதே நிலையத்துக்குப் போய், மேலதிக வாக்குமூலம் தரவேண்டும் என்று சொல்லுங்கள். பொறுப்பதிகாரியிடமே கேளுங்கள். முன்வாசலில் நிற்பவரிடம் கதை முழுவதையும் சொல்லிக் களைத்துப்போக வேண்டாம்.

இந்த முறை போகும்போது ஒன்று தெரிந்திருக்கட்டும். 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையில் 109 ஆம் பிரிவு இதைப் பற்றியது. குற்றம் நடந்ததாக நீங்கள் வாயால் சொன்னால், சொன்ன மொழியிலேயே எழுதி, உங்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். பிறகுதான் கையெழுத்து. எழுதுகிறவருக்குத் தமிழ் வராதா? சரி, அப்படியென்றால் உங்களையே உங்கள் மொழியில் எழுதித் தரும்படி அவர் கேட்கவேண்டும். உங்களுக்கு எழுத வராது என்றால் மாத்திரமே அவர் மற்ற மொழியில் எழுதலாம். அப்போதும் ஏன் அப்படி எழுதினேன் என்று காரணத்தைப் பதிந்து, உங்களுக்கு விளங்கும் மொழியில் சொல்லிக் காட்ட வேண்டும். நம்மவர்கள் இதைக் கேட்பதே இல்லை. ஐயா எழுதினால் சரியாகத்தான் இருக்கும் என்று பேனையை வாங்கிவிடுவார்கள்.

ஆகவே வீட்டிலேயே ஒரு தாளில் தமிழில் எழுதிக்கொண்டு போங்கள். கடைசியாக என்ஜினைப் பார்த்த நேரம், இல்லை என்று கண்ட நேரம், போட் நின்ற இடம், யார் பார்த்தார்கள், பூட்டுச் சங்கிலி வெட்டப்பட்டிருந்ததா என்பதெல்லாம் அதில் இருக்கட்டும். எல்லாவற்றையும் விட முக்கியம் என்ஜின் இலக்கம். வாங்கிய பற்றுச்சீட்டில் இருக்கும், தேடி எடுங்கள். போட் பதிவுப் பத்திரத்தின் பிரதியையும் கொண்டு போங்கள். பதிவகத்தில் இருந்த காலத்தில், தன்னுடையது என்று காட்ட இலக்கம் இல்லாமல், கண் முன்னே கிடந்த பொருளைச் சொந்தக்காரர் விட்டுப்போனதைப் பார்த்திருக்கிறேன். "நீலக் கலர், ஒரு பக்கம் கீறல்" என்றால் கோட்டில் எடுபடாது.

வெளியே வரும்முன் என்ட்ரியின் திகதி, புத்தகம், பக்கம், பந்தி ஆகியவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தத் துண்டு இல்லாமல் அடுத்த முறை போனால் புத்தகம் புத்தகமாகப் புரட்டவேண்டி வரும், அதற்கு யாருக்கும் பொறுமை இராது.

கேள்வி: அண்ணன் தாக்கப்பட்டது பற்றிக் கொடுத்த முறைப்பாட்டுக்கு ஒரு முடிவும் தெரியவில்லை. தகவல் அறியும் சட்டத்தில் கேட்கலாமா?
— பாலையூற்று வாசகர்

பதில்: கேட்கலாம். 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டம் பொலிஸுக்கும் பொருந்தும். ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை. கேட்கிற விதத்தில்தான் நம்மவர்கள் கோட்டை விடுகிறார்கள். "ஏன் இன்னும் பிடிக்கவில்லை?" என்று எழுதினால் அது சண்டை, தகவல் கோரிக்கை அல்ல. "இன்ன திகதியில் பதிந்த முறைப்பாட்டுக்கு எடுத்த நடவடிக்கைகளின் பதிவு, நீதிமன்றத்துக்கு அறிக்கை போயிருந்தால் வழக்கு இலக்கம்" என்று எழுதுங்கள். தகவல் அலுவலர் பெயருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள்.

தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் அவர் முடிவு சொல்லவேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு (இப்படியான மேன்முறையீட்டைப் பார்க்கவென்று நியமிக்கப்பட்டவர்) மேன்முறையீடு, அதிலும் சரிவராவிட்டால் இரண்டு மாதத்துக்குள் தகவல் உரிமை ஆணைக்குழு. குற்றத்தைக் கண்டுபிடிப்பதற்குப் பாரிய பாதிப்பு வரும் என்றால் மறுக்கச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. ஆனால் வழக்கு இலக்கத்தைச் சொல்வதில் என்ன பாதிப்பு வரப்போகிறது?

கேள்வி: கட்டார் வேலைக்குப் பொலிஸ் கிளியரன்ஸ் கேட்கிறார்கள். தெரிந்த ஒருவர் காசு தந்தால் எடுத்துத் தருவதாகச் சொல்கிறார்.
— மனையாவெளி இளைஞர்

பதில்: வேண்டாம் தம்பி. அதைக் கொடுப்பது கொழும்பில் பொலிஸ் தலைமையகம். விண்ணப்பம் இணையத்தில் நீங்களே போடலாம். பெயரின் எழுத்துக் கடவுச்சீட்டில் உள்ளபடியே இருக்கட்டும். இருந்த முகவரிகளை ஒன்றும் விடாமல் கொடுங்கள். வெள்ளவத்தையில் போர்டிங்கில் இருந்த காலத்தையும்தான். அந்தந்தப் பகுதிப் பொலிஸிடம் விசாரித்துத்தான் தருவார்கள், மறைத்த முகவரியால் இழுபடும்.

கேள்வி: பஸ்ஸில் அடையாள அட்டை தொலைந்துவிட்டது. யாரிடம் முதலில் போவது?

பதில்: முதலில் பொலிஸ். அங்கே முறைப்பாட்டுப் பிரதியை எடுத்துக்கொண்டு கிராம உத்தியோகத்தரிடம் போங்கள். அது இல்லாமல் போனால் திருப்பி அனுப்பிவிடுவார். பழைய அட்டையின் போட்டோப் பிரதி எங்காவது கிடந்தால், பாங்குக் கோவையில் என்றாலும் சரி, இலக்கத்தைப் பார்த்துக்கொண்டு போங்கள். பாங்கு அட்டையும் கூடவே தொலைந்திருந்தால், பொலிஸுக்குப் போகும் வழியிலேயே பாங்குக்கு அழைத்து அதை நிறுத்துங்கள்.