கள்ளி மடலுக்குள் ஆரஞ்சுப் புழு: என்ன செய்வது?

கேள்வி: ஆடுகளின் தீவனத்துக்காக முள்ளில்லாத சப்பாத்திக்கள்ளி வளர்க்கிறேன். சில மடல்கள் மஞ்சளாகி, ஓட்டை வழியாகப் பச்சைக் கூழ் ஒழுகுகிறது. பிளந்தால் உள்ளே கூட்டமாக ஆரஞ்சு நிறப் புழுக்கள். மருந்து அடித்தும் போகவில்லை. வேலியோரம் புதராக மண்டிய காட்டுக்கள்ளியை அழிக்க இதே புழுவை விடலாம் என்கிறார்களே, சரியா?

பதில்: நீங்கள் சொல்லும் அடையாளங்கள் கள்ளி அந்துப்பூச்சியையே காட்டுகின்றன. அறிவியல் பெயர் காக்டோபிளாஸ்டிஸ் காக்டோரம். ஆரஞ்சு உடலில் கறுப்புப் புள்ளிகள் வரிசையாக இருந்தால் பெரும்பாலும் அதுதான். வெறும் அழுகல் நோயென்றால் புழுவோ எச்சமோ இருக்காது. மடல் மேல் வெள்ளைப் பஞ்சுபோல் ஒட்டியிருந்து, நசுக்கினால் சிவப்புச் சாறு வந்தால் அது கொச்சினீல் பூச்சி. அதற்கு வைத்தியம் வேறு.

மருந்து ஏன் கேட்கவில்லை என்றால், புழு அது எட்டாத இடத்தில் இருக்கிறது. தாய்ப்பூச்சி முட்டைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, முள்ளைப் போலவே நீட்டிக்கொண்டிருக்கும் ஒரு குச்சியாக இடும். ஒரு குச்சியில் சாதாரணமாக 50 முதல் 90 முட்டைகள். பொரித்த புழுக்கள் எல்லாம் சேர்ந்து ஒரே ஓட்டை போட்டு உள்ளே போய்விடும். அதற்கப்புறம் மேலே எதை அடித்தாலும் வீண்செலவு. உள்ளே ஊடுருவும் மருந்துகள் உண்டுதான், ஆனால் நாளைக்கு ஆடு தின்னப் போகிற மடலில் அதை ஏற்ற நான் சொல்ல மாட்டேன்.

உங்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. முள்ளில்லாத செடியில் திடீரென்று ஒரு 'முள்' தெரிந்தால், அதுதான் முட்டைக் குச்சி! கையாலேயே கிள்ளி நசுக்கிவிடலாம். வருடத்துக்கு இரண்டு மூன்று தலைமுறை வரும் பூச்சி இது, ஆகவே வாரம் ஒரு முறையாவது வரிசைகளுக்கு நடுவே நடந்து பாருங்கள். புழு ஏறிய மடலைக் கணுவோடு வெட்டி, கறுப்பு பாலிதீன் பையில் இறுகக் கட்டி நல்ல வெயிலில் போடுங்கள், அல்லது ஆழமாகப் புதையுங்கள். ஒரு மடலைத் தின்று முடித்ததும் கூட்டமாக அடுத்த மடலுக்குப் போகும் என்பதால் தள்ளிப்போட வேண்டாம். முதிர்ந்த புழு கீழே இறங்கி, சருகுக்கடியில் வெள்ளைக் கூடு கட்டும். செடியடியைக் கூட்டிச் சுத்தமாக வையுங்கள்.

சரி, வேலிப்புதர் விஷயம். அந்த யோசனைக்குப் பெரிய வரலாறே உண்டு. ஆஸ்திரேலியாவில் சுமார் 2.4 கோடி ஹெக்டேர் நிலத்தைக் கள்ளி பிடித்திருந்தது. 1925-ல் அர்ஜென்டினாவிலிருந்து கொண்டுவந்த சுமார் 3,000 முட்டைகளில் இருந்து பெருக்கிய புழுக்கள், சில ஆண்டுகளிலேயே பெரும்பகுதியைத் தின்று தீர்த்தன. குயின்ஸ்லாந்தின் பூனார்காவில் இந்தப் பூச்சியின் பெயரில் ஒரு நினைவு மண்டபமே இருக்கிறது. புழுவுக்கு மண்டபம் கட்டிய ஊர் வேறெங்காவது உண்டா தெரியவில்லை!

ஆனால் அங்கே கள்ளி வெறும் களை. உங்களுக்கு அது தீவனம். 1957-ல் கரீபியனின் நெவிஸ் தீவில் களையை ஒழிக்க விட்ட இதே பூச்சி, 1989-ல் அமெரிக்காவின் புளோரிடாவில் தென்பட்டது. அங்கே அரிய காட்டுக்கள்ளிகளையும் தின்கிறது. 2006-ல் மெக்சிகோவின் இஸ்லா முஹேரெஸ் தீவுக்கும் வந்துவிட்டது. அந்த நாட்டில் கள்ளி உணவுப்பயிர், அதனால் பதறிப்போய், தாக்கிய செடிகளை அகற்றியும் மலட்டு அந்துப்பூச்சிகளைப் பறக்கவிட்டும் 2009-க்குள் ஒழித்தார்கள். வேலியோடு நின்றுகொள்ள இந்தப் பூச்சிக்குத் தெரியாது. எனவே நீங்களாக விடவே வேண்டாம். உங்கள் பகுதியில் இது புதிது என்றால், சில புழுக்களைச் சாராயத்தில் போட்டு எடுத்துப்போய் வேளாண் அதிகாரியிடம் காட்டுங்கள்.

புதரை வெட்டித்தான் அகற்ற வேண்டும்; அங்கேயும் இதே பூச்சி குடியிருக்கும் என்பதால் தோட்டத்தை ஒட்டிய பகுதியில் தொடங்குங்கள். வெட்டிய துண்டுகளை மண்மேல் விட்டுவிடாதீர்கள், ஒவ்வொன்றும் வேர்பிடித்துவிடும்.