சொத்தைப் பல்: பல் மருத்துவரின் பதில்கள்

கேள்வி: கடைவாய்ப் பல்லில் கறுப்பாக ஒரு கோடு தெரிகிறது. வலி இல்லை. சொத்தையா, வெறும் கறையா?

பதில்: நேரில் பார்க்காமல் சொல்ல முடியாது. வருஷக்கணக்கில் மாறாமல், கெட்டியாக இருந்தால் பெரும்பாலும் கறைதான். சுற்றிலும் சாம்பல் நிழல் படர்ந்தாலோ, சாப்பிட்டது அங்கே சிக்கினாலோ காட்டிவிடுங்கள். உண்மையில் நான் கறுப்பைவிட வெள்ளையைத்தான் தேடுவேன். பல்லைக் காற்றடித்து உலர்த்தினால், ஈறை ஒட்டிச் சாக்பீஸ் தடவியது போல மங்கலாக ஒரு திட்டு தெரியும். அதுதான் சொத்தையின் ஆரம்பம். தாதுக்கள் கரைந்திருக்கும், ஆனால் மேற்பரப்பு உடைந்திருக்காது. பற்பசையில் இருக்கும் ஃப்ளூரைடும் உமிழ்நீரும் சேர்ந்து அதை அங்கேயே நிறுத்திவிட முடியும். குழி விழுந்துவிட்டால் அடைக்கத்தான் வேண்டும்.

கேள்வி: ஒரே ஒரு கோப்பை இனிப்புப் பானம், அதையும் காலை முழுக்க மெதுவாகத்தான் குடிக்கிறேன். இதுவா காரணம்?

பதில்: அந்த ‘மெதுவாக’தான் காரணம். ஒவ்வொரு மடக்கு சர்க்கரைக்கும் கிருமிகள் அமிலம் சுரக்கின்றன. பிஎச் அளவு (குறையக் குறைய அமிலம் அதிகம் என்று பொருள்) 5.5க்குக் கீழே போனதும் பல்லின் கெட்டியான மேலுறையான எனாமல் கரையத் தொடங்கும். உமிழ்நீர் அதைச் சரிக்கட்ட அரைமணிக்கு மேலும் ஆகலாம். நீங்கள் அந்த இடைவெளியைத் தருவதே இல்லை. சாப்பாட்டோடு சேர்த்துக் குடித்து முடித்துவிடுங்கள்.

கேள்வி: முதலில் குளிர்ந்த தண்ணீர் பட்டால் கூசியது, அப்புறம் ராத்திரியில் வலி. இப்போது ஒன்றுமே இல்லை. விட்டுவிடலாமா டாக்டர்?

பதில்: தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். நீங்கள் சொல்லும் இந்த வரிசைதான் எனக்குக் கவலை தருகிறது. எனாமலில் நரம்பு கிடையாது, அதனால் சொத்தை அங்கே இருக்கும்வரை வலிக்காது. எனாமலுக்கு அடியில் இருக்கும் டென்டின் அடுக்கை எட்டியதும் கூசும். கூச்சம் சில விநாடிகளில் அடங்கினால் பெரும்பாலும் பல்லை அடைத்தே காப்பாற்றிவிடலாம். படுத்ததும் விண்விண்ணென்று தெறித்தால் உள்ளே நரம்பும் ரத்தக்குழாயும் இருக்கும் மென்மையான பல்கூழ் மோசமாகப் பாதிக்கப்பட்டிருக்கிறது. வைத்தியம் எதுவும் செய்யாமல் அந்த வலி நின்றுபோனால், பல்கூழ் செத்துவிட்டது என்றே சந்தேகிப்பேன். கிருமி வேர்நுனி வழியாக எலும்புக்கு இறங்கிச் சீழ் கட்டும். எக்ஸ்ரே எடுத்துப் பாருங்கள். பல்கூழை எடுத்துச் சுத்தம் செய்து அடைக்கும் வேர் சிகிச்சையில் பல் நிலைக்கும். கடைவாய்ப் பல்லாக இருந்தால் மேலே கேப் (பல்லை மூடும் உறை) போட்டுக்கொள்வது நல்லது, இல்லையென்றால் கடிக்கும்போது பிளந்துவிடக்கூடும்.

கேள்வி: பால் பல் விழத்தானே போகிறது, அதற்கு எதற்கு வைத்தியம்?

பதில்: பால் கடைவாய்ப் பற்கள் பத்து, பன்னிரண்டு வயதுவரை இருக்க வேண்டியவை. முன்பே பிடுங்கினால் பக்கத்துப் பல் சாய்ந்து, வரவேண்டிய பல்லுக்கு இடமில்லாமல் போகும். வலியோடு குழந்தை சரியாகச் சாப்பிடாது, தூங்காது. பால் புட்டியை வாயில் வைத்தபடியே தூங்க விடாதீர்கள், மேல் முன்பற்கள்தான் முதலில் போகும். முதல் பல் முளைத்ததுமே துலக்கத் தொடங்குங்கள். மூன்று வயதுக்குள் அரிசி அளவு ஃப்ளூரைடு பற்பசை, அதன்பின் ஆறு வயதுவரை பட்டாணி அளவு போதும்.

கேள்வி: பல் துலக்கியதும் வாய் கொப்பளிக்கலாமா?

பதில்: துப்பினால் போதும். கொப்பளித்தால் ஃப்ளூரைடும் போய்விடும். ராத்திரி துலக்குவதைத் தவறவிடாதீர்கள், தூக்கத்தில் உமிழ்நீர் குறைந்துவிடும்.

கேள்வி: கன்னம் வீங்கியிருக்கிறது. வீட்டில் மிச்சமிருக்கும் ஆன்டிபயாடிக் போட்டுக்கொள்ளலாமா?

பதில்: வேண்டாம். மாத்திரை சீழின் மூலத்தை எடுக்காது, பல்லுக்குள் இருப்பதைச் சுத்தம் செய்தாக வேண்டும். இன்றே பல் மருத்துவரிடம் போங்கள். காய்ச்சல் இருந்தால், வாய் திறக்கவோ விழுங்கவோ மூச்சுவிடவோ சிரமமாக இருந்தால், நேராக அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போய்விடுங்கள்.