திரைக்கதை எழுத்தாளராக விரும்பும் மகளும் மாதச் சம்பளம் குறித்த உங்கள் கேள்வியும்

பட்டப்படிப்பு முடிந்ததும் திரைக்கதை எழுதப் போவதாக உங்கள் மகள் சொல்லியிருக்கிறார்; அதில் நிலையான வருமானம் உண்டா என்று நீங்கள் கேட்டிருக்கிறீர்கள். பெரும்பாலோருக்கு இல்லை என்பதே நேரான பதில். ஆனால் அதை வைத்து மட்டும் வேண்டாம் என்று சொல்லிவிட வேண்டியதில்லை. அதற்கு முன் அந்த வேலை எப்படி நடக்கிறது, பணம் எந்த வழியில் வருகிறது என்பதை நீங்கள் இருவரும் அறிந்துகொள்வது நல்லது.

திரைப்படத்தில் எழுத்தாளருக்கான தொகை தவணைகளாக வரும்: ஒப்பந்தத்தின்போது ஒரு பங்கு, முதல் வரைவைக் கொடுத்ததும் ஒரு பங்கு, திருத்திய வரைவுக்கு ஒரு பங்கு. கடைசித் தவணை படப்பிடிப்பு தொடங்கும் நாளோடு பிணைக்கப்பட்டிருந்தால், படம் நின்றுபோகும்போது அதுவும் நின்றுபோகும். பணம் கொடுத்து வாங்கப்பட்டும் படமாகாத திரைக்கதைகள் ஏராளம். ஒரு பக்கம் திரையில் ஏறக்குறைய ஒரு நிமிடம் ஓடும் என்பது தொழிலில் வழங்கும் கணக்கு. ஆகவே முழுநீளத் திரைக்கதை பொதுவாக 90 முதல் 120 பக்கம் வரை இருக்கும். அத்தனை பக்கங்களையும் ஒருமுறை எழுதுவதோடு வேலை முடிந்துவிடுவதில்லை. இயக்குநர் ஒன்று சொல்வார், தயாரிப்பாளர் அதற்கு மாறாகச் சொல்வார், நடிகர் தம் பாத்திரத்தை வேறாகக் கேட்பார், படப்பிடிப்புக்கு முந்தைய வாரம் இடம் கைவிட்டுப்போனதால் ஒரு காட்சியையே புதிதாக எழுத நேரும்; இவற்றுக்கெல்லாம் ஈடுகொடுத்துக்கொண்டே கதையின் உயிர் கெடாமல் காப்பதுதான் இந்தத் தொழிலின் பெரும்பகுதி. திரும்ப எழுதுவதில் சலிப்புக் கொள்பவர்களுக்கு, அவர்கள் எவ்வளவு திறமைசாலிகளாக இருந்தாலும், இந்த வேலை பெரும் துன்பமாகிவிடும் என்பது என் உறுதியான கருத்து.

தொலைக்காட்சி சற்று வேறானது. அங்கே எழுத்தாளர்கள் குழுவாக அமர்ந்து கதையைப் பிரித்து எழுதுவார்கள். தொடர் ஓடும்வரை வருமானம் ஓரளவு சீராக வரும். நின்றால் வேறு தொடர் தேட வேண்டும். அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒரு பருவத்துக்கு (சீசனுக்கு) 22 எபிசோடு அளவுக்கு எழுதப்பட்ட காலம் இருந்தது. ஓடிடி வந்தபின் எட்டு, பத்து எபிசோடுகளிலேயே பருவம் முடிவது வழக்கமாகி, வேலை கிடைக்கும் வாரங்கள் குறைந்தன. 2023-இல் அந்நாட்டு எழுத்தாளர் சங்கம் 148 நாள் வேலைநிறுத்தம் செய்ததற்கு இதுவும், செயற்கை நுண்ணறிவு பற்றிய அச்சமும் முக்கியக் காரணங்கள்.

உங்கள் மகள் நிறையப் படம் பார்க்கிறாரா என்று பார்க்காதீர்கள். எழுதி முடித்த திரைக்கதை கையில் இருக்கிறதா என்று கேளுங்கள். தொடங்கிப் பாதியில் விட்ட பத்துக் கதைகளைவிட முடிந்த ஒன்று அதிகம் சொல்லும். அதை வேறொருவர் படித்தாரா, அவர் சொன்னதைக் கேட்டு இவர் மாற்றி எழுதினாரா என்பது அதைவிடவும் அதிகம் சொல்லும். திரைக்கதைப் படிப்பில் சேர்வதால் பயன் உண்டு: குறித்த நாளுக்குள் எழுதும் பழக்கம் வரும், நாளைக்கு இயக்குநராகக்கூடிய நண்பர்கள் கிடைப்பார்கள். வாய்ப்பைத் தீர்மானிப்பது மட்டும் பட்டமன்று, எழுதிய பக்கங்களே.

முதல் சில ஆண்டுகளுக்கு, எழுதும் நேரத்தை விழுங்கிவிடாத வேறு வருமானம் ஒன்று அவசியம். மொழிபெயர்ப்பு, படங்களுக்கு வசன வரி (சப்டைட்டில்) எழுதுதல், விளம்பரத்துக்கு எழுதுதல், பகுதிநேரக் கற்பித்தல் எதுவாகவும் இருக்கலாம். இதைத் தோல்வி என்று மகள் நினைக்காதபடி நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒப்பந்த விஷயத்தில் மிகவும் கண்டிப்பாக இருக்கச் சொல்லுங்கள். வெறும் கருத்துக்குப் பதிப்புரிமை கிடையாது, எழுதப்பட்ட வடிவத்துக்கே உண்டு என்பதால், வாய்மொழியாகக் கதை சொல்லும் முன் எழுதி முடித்து, எழுத்தாளர் சங்கம் ஒன்றில் பதிவு செய்துவிட வேண்டும். எத்தனை திருத்தங்களுக்கு இந்தத் தொகை, திரையில் பெயர் கதை, திரைக்கதை, வசனம் என எந்த வகையில் வரும், வேறொருவரை வைத்துத் திருத்தினால் அந்தப் பெயர் என்னவாகும் என்ற மூன்றும் எழுத்தில் இல்லாத ஒப்பந்தத்தில் கையெழுத்திட வேண்டாம்.

ஓர் ஆண்டு அவகாசம் கொடுங்கள். அதற்குள் முழுநீளத் திரைக்கதை ஒன்று, தொடர் ஒன்றின் முதல் எபிசோடு ஒன்று, இரண்டையும் குறைந்தது இருமுறை திருத்தி எழுதி முடித்துவிட்டு, நீங்கள் இருவரும் சேர்ந்து வாருங்கள்; அடுத்து யாரிடம் உதவி எழுத்தாளராகச் சேரலாம் என்பதை அந்தப் பக்கங்களை வைத்துக்கொண்டு பேசுவோம்.