ஜூன் விட்ஃபீல்டின் குரல் ஏன் கேட்கவில்லை?

1950ஆம் ஆண்டின் ‘டேக் இட் ஃப்ரம் ஹியர்’ ஒலிப்பதிவில் பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகை ஜூன் விட்ஃபீல்டின் குரலைக் காணோம் என்கிறீர்கள். அது பதிவின் குறையன்று, முன்பு அதில் நடித்த ஜாய் நிக்கல்ஸ் விலகிய பின்னர் 1953இல்தான் விட்ஃபீல்ட் அந்த பிபிசி வானொலி நகைச்சுவை நிகழ்ச்சியில் சேர்ந்தார். நீங்கள் கேட்ட பெண்குரல் பெரும்பாலும் நிக்கல்ஸுடையதாக இருக்கும்.

ஆண்டு குறிக்கப்படாத பதிவானால், அந்நிகழ்ச்சிக்குள் இடம்பெற்ற ‘கிளம் குடும்பம்’ என்ற நகைச்சுவைப் பகுதி வருகிறதா என்று பாருங்கள். அக்குடும்பத்து மந்தபுத்திக்கார மகன் ரானுக்கு நிச்சயிக்கப்பட்ட எத், “ஓ, ரான்!” என்று ஏக்கமும் சலிப்புமாக இழுப்பாளே, அவள்தான் விட்ஃபீல்ட். அந்த ஓர் இழுப்புக்காகவே முழுப் பதிவையும் கேட்கலாம்.

ஆனால் 1970களின் இறுதியில் தொலைக்காட்சிக்கு வந்த கிளம் குடும்பத்தை வைத்து ஒப்பிடாதீர்கள். அதில் எத்தாக நடித்தவர் பட்ரீசியா பிரேக். விட்ஃபீல்டைத் திரையில் காண, 1979இல் தொடங்கிய ‘டெரி அண்ட் ஜூன்’ தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடர் பொருத்தமானது.