பத்து ஆண்டுகள் தற்காலிக ஆசிரியராக இருந்தால் நீதிமன்றத்தில் பணி நிரந்தரம் கிடைக்குமா?

அரசுப் பள்ளியில் தொகுப்பூதியத்தில் (ஊதிய விகிதம் இல்லாமல் மாதம் ஒரே தொகை) பத்து ஆண்டுகளைத் தாண்டிய ஆசிரியர் வழக்குப் போட்டால் நிரந்தரம் ஆக முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். ஆண்டுக் கணக்கை மட்டும் நம்பிப் போனால் முடியாது. உங்களை நியமித்தது யார், எந்த முறையில், எந்தப் பணியிடத்தில் என்பதைத்தான் நீதிமன்றம் முதலில் பார்க்கும்.

ஆசிரியர்களிடையே சுற்றிவரும் 480 நாள் கணக்கை விட்டுவிடுங்கள். 24 மாதங்களில் 480 நாள் வேலை பார்த்தால் நிரந்தரம் என்பது தொழில் நிறுவனத் தொழிலாளர்களுக்காகத் தமிழ்நாடு கொண்டுவந்த 1981ஆம் ஆண்டுச் சட்டம். ஆசிரியர், தொழில் தகராறு சட்டத்தின் பொருளில் தொழிலாளர் அல்லர் என்று உச்ச நீதிமன்றம் 1988லேயே தீர்ப்பளித்துவிட்டது. தொழிலாளர் நீதிமன்றத்துக்கு அலைந்தால் போகும் காலம் திரும்ப வராது.

உங்கள் வழக்கின் அடித்தளம், தற்காலிகப் பணியாளர்களை நிரந்தரமாக்குவது பற்றி 10.4.2006 அன்று உச்ச நீதிமன்றம் தந்த உமாதேவி தீர்ப்பு. அதன் 53ஆம் பத்தியை எல்லோரும் மேற்கோள் காட்டுவார்கள், நிதானமாகப் படிப்பவர்கள் குறைவு. பணியிடம் முறையாக அனுமதிக்கப்பட்டதாக இருக்க வேண்டும். நியமனத்தன்று உரிய கல்வித் தகுதி இருந்திருக்க வேண்டும். பத்து ஆண்டுகளுக்கு மேல் பணியாற்றியிருக்க வேண்டும். அந்தப் பத்து ஆண்டும் நீதிமன்ற உத்தரவின் துணையில் ஓடியதாக இருக்கக் கூடாது. இந்த வரம்புக்குள் வருபவர்களை ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறைப்படுத்தலாம், அதாவது நிரந்தரமாக்கலாம் என்றது தீர்ப்பு. நியமனத்தில் நடைமுறைக் குறை இருந்தால் சரிசெய்யலாம், நியமனமே சட்டவிரோதம் என்றால் சரிசெய்ய முடியாது என்ற பாகுபாடும் அங்கிருந்துதான் வருகிறது.

தமிழ்நாட்டில் இதற்கு நல்ல உதாரணம் உண்டு. 2003 முதல் தொகுப்பூதியத்தில் நியமிக்கப்பட்ட ஆசிரியர்கள் 1.6.2006 முதல் காலமுறை ஊதியத்துக்கு, அதாவது நிரந்தர ஆசிரியருக்கான ஊதிய விகிதத்துக்கு வந்தார்கள். ஆசிரியர் தேர்வு வாரியம் மூலம் தேர்வானவர்கள் என்பதால் அவர்கள் நியமனத்தில் கேள்வி எழவில்லை. 2012இல் மாதம் 5,000 ரூபாயில், வாரம் மூன்று அரைநாள் வேலைக்கு எடுக்கப்பட்ட பகுதிநேர ஆசிரியர்களின் நிலை வேறு. திட்ட நிதியில் வந்த வேலை என்பதும், நிரந்தரப் பணியிடம் இல்லை என்பதும் அரசின் முதல் பதிலாக இருக்கும். பள்ளிக்கல்வித் துறையின் பகுதிநேரத் துப்புரவாளர்கள் தொடர்பான வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் அரசு வழக்கறிஞர் தவறாமல் எடுத்து வைப்பார்: பகுதிநேரப் பணியாளர் அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் இல்லாததால் வரன்முறை கேட்க முடியாது. 10 ஆண்டு முடித்த தினக்கூலியருக்கான 2006ஆம் ஆண்டின் 22ஆம் எண் அரசாணையைக் காட்டினால், அதற்கு 1.1.2006 என்ற கெடு தேதி இருப்பதைத் திருப்பிக் காட்டுவார்கள்.

அதற்காக நம்பிக்கை இழக்க வேண்டாம். உச்ச நீதிமன்றத்திலிருந்து 2024 டிசம்பரில் வந்த ஜக்கோ தீர்ப்பும், 2025 ஆகஸ்டில் வந்த தரம் சிங் தீர்ப்பும் காற்றைத் திருப்பியிருக்கின்றன. நிரந்தரத் தன்மையுள்ள வேலையைப் பல்லாண்டுகள் தற்காலிகப் பெயரில் வாங்கிக்கொண்டு, உமாதேவியைக் கேடயமாக அரசு பிடிக்கக் கூடாது என்று அவை சொல்கின்றன. தரம் சிங் வழக்கில் கூடுதல் பணியிடங்களை உருவாக்கியாவது வரன்முறைப்படுத்தும்படி உத்தரவே வந்தது. இரண்டிலும் மனுதாரர்கள் ஆசிரியர்கள் அல்லர். ஆசிரியர் பணிக்குச் சட்டம் விதித்த குறைந்தபட்சத் தகுதி தனியாக இருக்கிறது. ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை கற்பிப்பவருக்கு தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் 23.8.2010 அறிவிக்கைக்குப் பிறகு ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) கட்டாயம். அந்தச் சான்றிதழ் இல்லாமல் நிரந்தரம் கேட்டால் மனு அங்கேயே நின்றுவிடும்.

வழக்கறிஞரைப் பார்ப்பதற்கு முன் காகிதம் சேருங்கள். நியமனம் பற்றிய முதன்மைக் கல்வி அலுவலரின் செயல்முறைகள் (எழுத்து ஆணை), அன்றைய விளம்பரம் அல்லது வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல், நேர்முகத் தேர்வு அழைப்பு, ஊதியம் வரவான வங்கிக் கணக்கு, வருகைப் பதிவேட்டு நகல், உங்கள் பெயருள்ள கால அட்டவணை. முழுநேரம் வேலை வாங்கினார்கள் என்பதற்குக் கால அட்டவணையைவிட வலுவான சாட்சி இல்லை. ஆண்டுதோறும் ஒரு நகல் எடுத்து வையுங்கள். பள்ளிக்கு அனுமதிக்கப்பட்ட பணியிடங்கள், காலியிடங்கள், எந்த ஆண்டிலிருந்து காலி என்ற விவரங்களைத் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். ஏப்ரலில் நிறுத்தி ஜூனில் மீண்டும் சேர்த்திருந்தால் அந்த இடைவெளி ஒவ்வொன்றின் ஆணையும் வேண்டும், அது செயற்கை இடைவெளி என்று காட்டுவதற்கு.

பிறகு துறைக்குக் கோரிக்கை மனு, அதற்குப் பதில் இல்லாவிட்டால் உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு. தென்மாவட்டத்தார் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். மனுவில் நிரந்தரம் ஒன்றையே கேட்காதீர்கள். பலர் தடுமாறும் இடம் இதுதான். நிரந்தரம் மறுக்கப்பட்டாலும் தேறக்கூடிய இரண்டு கோரிக்கைகளை மாற்றாகச் சேருங்கள். ஒன்று, ஒரு தற்காலிக ஆசிரியரை எடுத்துவிட்டு அதே இடத்தில் இன்னொரு தற்காலிகரைப் போடக் கூடாது என்பது. 1992இன் பியாரா சிங் தீர்ப்பின் இந்த விதியை 2022இல் கல்லூரி விருந்தினர் விரிவுரையாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் மீண்டும் உறுதிசெய்தது. மற்றொன்று, 2016இன் ஜக்ஜித் சிங் தீர்ப்பின்படி அதே வேலைக்கான ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத் தொகை. இதை அரசு எதிர்க்கும். 2019இல் பீகார் ஒப்பந்த ஆசிரியர் வழக்கில் சம ஊதியம் மறுக்கப்பட்டதைக் காட்டும். ஆகவே உங்கள் கடமையும் நிரந்தர ஆசிரியரின் கடமையும் ஒன்றே என்பதை ஆவணத்தால் நிறுவ வேண்டும்.

பணிநீக்கத்துக்கு எதிரான இடைக்கால உத்தரவு வேலையைக் காக்கும், ஆனால் அந்த உத்தரவின் கீழ் ஓடும் ஆண்டுகள் உமாதேவியின் பத்தாண்டுக் கணக்கில் சேராமல் போகலாம். அடுத்த ஆபத்து, "மனுவைப் பரிசீலித்து 12 வாரத்தில் முடிவெடுக்கவும்" என்ற உத்தரவு. அது வெற்றி அல்ல. துறை நிராகரிப்பு ஆணை அனுப்பும், அதை எதிர்த்து இன்னொரு ரிட் போட வேண்டியிருக்கும். இதைத் தவிர்க்க, விசாரணையின்போதே பணியிட விவரங்களையும் தீர்ப்புகளையும் காட்டி, முடிவெடுக்கும்போது பார்க்க வேண்டிய அம்சங்களை உத்தரவிலேயே குறிப்பிடும்படி கேளுங்கள். தீர்ப்பு சாதகமாக வந்து துறை நிறைவேற்றாவிட்டால், நீதிமன்ற அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் தாக்கல் செய்துவிட வேண்டும். மேல்முறையீடு போடப் போகிறோம் என்று அதிகாரி வாய்மொழியாகச் சொல்வதைக் கேட்டுக் காத்திருந்தால் அந்தக் கெடு கடந்துவிடும்.