‘சுட்டுத் தள்ளுங்க’ என்று ஏன் தோன்றுகிறது? கேள்வி பதில்

குற்ற வழக்குகள் நடத்துகிற வக்கீல் நான். கேட்டவற்றுக்கு ஒவ்வொன்றாகப் பதில் சொல்கிறேன்.

கேள்வி: இரண்டு பெண் பிள்ளைகளுக்கு அம்மா நான். 2019-இல் ஹைதராபாத் கால்நடை மருத்துவரைக் கொன்ற நாலு பேரையும் போலீஸ் சுட்டப்போ நிம்மதியா இருந்தது. அது தப்பா சார்?

பதில்: நிம்மதி வந்தது தப்பே இல்லைங்க, மகள் வீடு வந்து சேரும்வரை தூங்காத தாய்க்கு வேறெப்படி இருக்கும்? ஆனால் ‘கொன்ற நாலு பேர்’ என்கிறீர்களே, அதை எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. நீதிமன்ற விசாரணையே தொடங்காமல் டிசம்பர் 6 விடியற்காலையில் அவர்கள் கதை முடிந்துவிட்டது, போலீசார் மீது மக்கள் பூத்தூவினார்கள். பிறகு உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையத்தின் அறிக்கை 2022-இல் வெளிவந்தது. கொல்லும் நோக்கத்தோடுதான் சுட்டிருக்கிறார்கள், நால்வரில் மூவர் சிறார்கள், 10 போலீசார் மீது கொலை வழக்கு நடத்த வேண்டும் என்று அதில் இருந்தது. அந்த அறிக்கையை எத்தனை பேர் படித்தோம்?

கேள்வி: போலீஸ் ஆள் மாறிப் பிடிக்குமா என்ன?

பதில்: பிடிக்கும். 2017-இல் குருகிராம் பள்ளி ஒன்றில் 7 வயதுப் பையன் கொல்லப்பட்டான். அன்றே பேருந்து நடத்துநர் ஒருவரைப் பிடித்தார்கள், அவர் ஒப்புக்கொண்டதாகவும் செய்தி வந்தது, நாடே தூக்கில் போடச் சொன்னது. அப்புறம் சிபிஐ விசாரித்து, அதே பள்ளியின் 11-ஆம் வகுப்பு மாணவனைக் கைது செய்தது. நடத்துநரை 2018-இல் நீதிமன்றம் விடுவித்தது. அவரை முதல் வாரமே சுட்டிருந்தால் நாம் கைதட்டியிருப்போம், அதுதான் என்னை உறுத்துகிறது. போலீசிடம் தரும் ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது என்று சட்டம் வைத்திருப்பது இதற்காகத்தான்.

கேள்வி: வாய்தா வாங்கியே வருஷக்கணக்கில் இழுக்கிறாங்களே?

பதில்: உங்கள் கோபம் நியாயம். குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ வழக்கை முடிந்தவரை ஒரு வருடத்துக்குள் முடிக்கச் சட்டமே சொல்கிறது, நடப்பது வேறு. இழுக்க இழுக்கச் சாட்சிகள் பிறழ்கிறார்கள். நீதிபதி இடங்களை நிரப்பு, தடயவியல் அறிக்கையைச் சீக்கிரம் கொடு என்று அரசிடம் கேளுங்கள். துப்பாக்கி கேட்கிற அளவுக்குச் சத்தமாக இதை யாருமே கேட்பதில்லை.

கேள்வி: ரவுடிக்கு மாவுக்கட்டு போட்ட போட்டோ பார்த்தா சந்தோஷமா இருக்கே?

பதில்: அடிக்கிற போலீஸ் கை நாளைக்கு ரவுடியோடு நிற்காது. 2020-இல் சாத்தான்குளத்தில் அப்பாவும் மகனும் ஊரடங்கில் நேரம் தாண்டிக் கடை திறந்திருந்ததாகச் சொல்லித்தான் பிடிக்கப்பட்டார்கள், காவலில் அடிபட்டு இருவரும் இறந்தார்கள்.

கேள்வி: ‘பிள்ளை பிடிக்கிறவன்’ என்று ஒரு போட்டோ எங்கள் தெரு வாட்ஸ்அப் குழுவில் வந்திருக்கு. அனுப்பலாமா?

பதில்: அனுப்பாதீர்கள். 2018 மே மாதம் போளூர் பக்கம் குழந்தைகளுக்குச் சாக்லேட் கொடுத்த ஒரு மூதாட்டியை, இப்படிப் பரவிய வதந்தியை நம்பி ஊரே சேர்ந்து அடித்துக் கொன்றது. சந்தேகம் இருந்தால் 100, குழந்தை விஷயம் என்றால் 1098.