கையெழுத்துப் போடுவதற்கு முன் ஆஸ்பத்திரி ஏட்டைப் பாருங்கள்

கேள்வி: பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறை பக்கம் எங்கள் வீடு. மகன் எய்டட் பள்ளியில் தமிழ் மீடியம் ஆறாம் வகுப்பு படிக்கிறான். ஆகஸ்டில் ஒரு மதியச் சாப்பாட்டு நேரத்தில் பள்ளியின் இரும்பு ஸ்லைடிங் கேட் கழன்று அவன் மேல் சாய்ந்துவிட்டது. முழங்காலுக்குச் சற்று மேலே தொடை எலும்பு முறிந்து, கோவையில் ஆபரேஷன் செய்தோம். இதுவரை 2,10,000 ரூபாய் செலவு. எலும்பு நீளமாக வளரும் இடமான வளர்தட்டில் அடி பட்டிருப்பதால் கால் நீளம் குறையலாம் என்கிறார் டாக்டர். தலைமையாசிரியர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. பையன் கேட்டில் தொங்கி ஆடினான் என்று ஊரெல்லாம் சொல்கிறார்கள். முதல் நாள் 30,000 கட்டிய நிர்வாகம், இன்னும் 75,000 தருகிறோம், முத்திரைத்தாளில் கையெழுத்துப் போடுங்கள் என்கிறது. கையெழுத்துப் போடலாமா? 50 லட்சம் கேட்டுக் கோவையிலேயே நுகர்வோர் வழக்குப் போடலாம் என்கிறார் என் அண்ணன். தலைமையாசிரியரை ஜெயிலுக்கு அனுப்ப முடியுமா?

பதில்:

சகோதரி, நாலு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். தலைமையாசிரியர் வராதது, டீச்சர் பேசிய பேச்சு, ‘தமிழ்க்காரங்க’ என்று ஒதுக்கியது, மற்ற பெற்றோரின் வாயை அடைத்தது எல்லாவற்றையும் படித்தேன். உங்கள் மனவேதனை நியாயமானது. ஆனால் வழக்குக்கு இவற்றால் பயன் இல்லை. பள்ளிக்கு அனுப்பும் வக்கீல் நோட்டீஸில் இதையெல்லாம் சேர்த்தால் எதிர்த்தரப்பு வக்கீல் இதற்கு மட்டும் பத்திப் பத்தியாக மறுப்பு எழுதிவிட்டு, பதில் சொல்லியே ஆக வேண்டிய கேள்வியைத் தொடாமல் போய்விடுவார்.

அந்தக் கேள்வி உங்கள் மூன்றாம் பக்கத்தில் போகிற போக்கில் வருகிறது. ஜூலை மாதப் பெற்றோர் ஆசிரியர் சங்கக் (பி.டி.ஏ.) கூட்டத்தில் இரண்டு அம்மாக்கள், கேட் தண்டவாளத்தை விட்டு இறங்குகிறது என்று சொன்னார்கள். நீங்களும் வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் படம் போட்டீர்கள். ஆபத்து இருப்பது பள்ளிக்கு முன்பே தெரியுமா, தெரிந்த பிறகு என்ன செய்தது? உங்கள் வழக்கு இது ஒன்றுதான்.

பள்ளி நேரத்தில் பிள்ளை பள்ளியின் பொறுப்பில் இருக்கிறான். நிதானமுள்ள ஒரு தாய் தகப்பன் எடுக்கும் கவனத்தைப் பள்ளி எடுத்ததா என்றுதான் நீதிமன்றம் பார்க்கும். 1995-ல் பதான்கோட் அருகே உள்ள ஒரு பள்ளி பிக்னிக் கூட்டிப்போனபோது 14 பிள்ளைகள் பியாஸ் ஆற்றில் மூழ்கிப் போனார்கள். ஆசிரியர்களின் கவனக்குறைவுக்கு நிர்வாகமே பொறுப்பு என்று 2001-ல் உச்ச நீதிமன்றம் சொல்லி, ஒவ்வொரு குடும்பத்துக்கும் 5 லட்சம் என்ற உத்தரவை உறுதி செய்தது. ஆசிரியர் செய்த தவறுக்கு நாங்கள் என்ன செய்வோம் என்று பள்ளியை நடத்தும் மேனேஜர் கைகழுவ வழி கிடையாது.

பையன் தொங்கி ஆடினான் என்ற பேச்சுக்குப் பயப்படாதீர்கள். பதினோரு வயதுப் பையன் கேட்டில் தொங்குவான் என்பது பள்ளி நடத்துகிறவருக்குத் தெரிந்திருக்க வேண்டியது. 2025 ஜூலையில் கொல்லம் மாவட்டம் தேவலக்கரையில், சைக்கிள் ஷெட் கூரையில் விழுந்த செருப்பை எடுக்க ஏறிய எட்டாம் வகுப்புப் பையன், தாழ்ந்து கிடந்த மின்கம்பி பட்டு இறந்தான். ஏறினது அவன் தப்பு என்ற பேச்சு அப்போதும் எழுந்தது. ஆனால் அரசு அந்த எய்டட் பள்ளியின் நிர்வாகத்தையே கையில் எடுத்துக்கொண்டது. கம்பி அங்கே தாழ்ந்து கிடந்ததுதான் பெரிதாகப் பார்க்கப்பட்டது.

ஆபத்து பள்ளிக்கு முன்பே தெரியும் என்பதை வாயால் சொல்லி நிரூபிக்க முடியாது, காகிதம் வேண்டும். பி.டி.ஏ. தீர்மானப் புத்தகத்தின் அந்தப் பக்கத்தைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். ஜூனில் பள்ளி திறக்கும் முன் உள்ளாட்சி இன்ஜினியர் கொடுக்கும் ஃபிட்னஸ் சர்டிஃபிகேட்டைப் பஞ்சாயத்தில் கேளுங்கள். உங்கள் சித்தூர் தாலுகாவில் தமிழில் மனு கொடுத்துத் தமிழிலேயே பதில் வாங்க 1969-ன் கேரள ஆட்சிமொழிச் சட்டம் இடம் தருகிறது, கூச்சப்பட வேண்டாம். சிசிடிவி இருந்தால் அந்த நாள் பதிவை அழிக்கக் கூடாது என்று இன்றைக்கே பதிவுத் தபால் அனுப்புங்கள். வாட்ஸ்அப் படம் இருக்கும் போனை மாற்றவோ விற்கவோ வேண்டாம். அந்தப் படத்தின் நகல் சாட்சியம் ஆக வேண்டுமானால் 2023-ன் சாட்சியச் சட்டம் 63-ம் பிரிவுப்படி சான்றிதழ் வேண்டும். ஸ்க்ரீன்ஷாட் பிரிண்ட் மட்டும் கையில் வைத்துக்கொண்டு வருகிறவர்கள் பலர்.

இனி, எனக்கு உண்மையான கவலை தந்த இடத்துக்கு வருகிறேன். காரில் கூட வந்த ஆசிரியர், ‘ஸ்கூல்ன்னு சொன்னா போலீஸ் கேஸ் ஆயிடும், ஆபரேஷன் லேட் ஆகும்’ என்றதைக் கேட்டு, உங்கள் கணவர் கோவை ஆஸ்பத்திரியில் ‘வீட்டு கேட் விழுந்துடுச்சு’ என்று சொல்லிவிட்டார் என்று எழுதியிருக்கிறீர்கள்.

பள்ளி விபத்து வழக்குகள் சாய்வது பெரும்பாலும் இங்கேதான். முதல் முதலாக டாக்டர் எழுதிய விபத்துப் பதிவேட்டு வரிக்கு நீதிமன்றத்தில் இருக்கும் மதிப்பு, பிறகு நீங்கள் சொல்லும் நூறு வார்த்தைக்கு இருக்காது. யாரும் வழக்கை நினைக்காத நேரத்தில் எழுதப்பட்டது என்பதால்தான் அந்த மதிப்பு. வீட்டு விபத்து என்று எழுதியிருந்தால் போலீசுக்குத் தகவலும் போயிருக்காது. குறுக்கு விசாரணையில் உங்கள் கணவரிடம் கேட்பது ஒரே கேள்விதான்: ‘அன்று சொன்னது பொய்யா, இன்று சொல்வது பொய்யா?’

இந்த நிலையில் என்னிடம் வந்தவர்கள் இரண்டு காரியம் செய்துவிட்டு வருவார்கள். சிலர் டாக்டரைக் கெஞ்சிப் பதிவேட்டைத் திருத்தப் பார்ப்பார்கள். அந்தப் பக்கம் போகவே போகாதீர்கள். திருத்திய ஏடு வெளியே வந்தால் நல்ல வழக்கும் அன்றோடு முடிந்தது, டாக்டரும் சிக்கிக்கொள்வார். வேறு சிலர் அந்த வரி யாருக்கும் தெரியாது என்று மறைத்துவிட்டு வழக்குப் போடுவார்கள். எதிர்த்தரப்பு முதலில் வரவழைப்பதே அந்த ஏட்டைத்தான்.

வழி ஒன்றுதான். அந்த வரியை நாமே முதலில் வெளியே சொல்வது. கொழிஞ்சாம்பாறை காவல் நிலையத்தில் எழுத்தில் புகார் கொடுங்கள். ஆஸ்பத்திரியில் என்ன சொன்னோம், யார் சொல்லச் சொன்னார், ஏன் ஒத்துக்கொண்டோம் என்பது அதில் முதல் பத்தியிலேயே இருக்கட்டும். நோட்டீஸிலும் அப்படியே. கேட் விழுந்த இடத்தில் எடுத்த படம், ஆசிரியர் உங்களைக் கூப்பிட்ட போன் பதிவு, காரை ஓட்டியவரின் வாக்குமூலம், பள்ளி கட்டிய 30,000-த்தின் ரசீது ஆகியவை அந்த வரிக்கு எதிராக நிற்கும். வீட்டில் நடந்த விபத்துக்குப் பள்ளி ஏன் முதல் நாளே பணம் கட்டியது என்று நீதிபதியே கேட்பார். ஆனால் புகார் தள்ளிப்போகும் ஒவ்வொரு வாரமும் ஆஸ்பத்திரி வரிக்குப் பலம் கூடும். இப்போதே தாமதம்தான்.

புகார் கொடுக்கச் சொல்வது பதிவுக்காக, தலைமையாசிரியர் ஜெயிலுக்குப் போக அல்ல. எலும்பு முறிவு சட்டத்தின் பார்வையில் கொடுங்காயம். கவனக்குறைவால் கொடுங்காயம் விளைவிப்பதற்குப் பாரதிய நியாய சங்கிதை 125-ம் பிரிவில் மூன்று வருடம் வரை தண்டனை உண்டு. ஆனால் கிரிமினல் வழக்கில் நிரூபிக்கும் பளு மிக அதிகம். அவர் விடுதலையானால் அந்தத் தீர்ப்பை உங்கள் நஷ்டஈட்டு வழக்கில் கொண்டுவந்து காட்டுவார்கள். அவரைத் துரத்துவதில் உங்கள் சக்தியைச் செலவழிக்காதீர்கள்.

முத்திரைத்தாள் விஷயம். நீங்கள் அனுப்பிய நகல் மலையாளத்தில் இருக்கிறது, படிக்கத் தெரியாது என்கிறீர்கள். நான் படித்துவிட்டேன். ‘இனி எந்தக் காலத்திலும் எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்பதோடு, விபத்து ‘குழந்தையின் சொந்தச் செயலால்’ நடந்தது என்றும் எழுதியிருக்கிறது. இந்தத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். 75,000 ரூபாய்க்குப் பணத்தை மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை, தப்பு உங்கள் பையனுடையது என்றும் எழுதிக் கொடுக்கிறீர்கள். மைனரின் உரிமையை அப்படி எழுதிக் கொடுக்க முடியாது என்று பின்னால் வாதாடலாம்தான், ஆனால் அதற்கே சில வருடம் போய்விடும்.

தொகை விஷயத்திலும் கவனம் வேண்டும். தொடை எலும்பின் நீள வளர்ச்சியில் சுமார் 70 சதவீதம் முழங்காலை ஒட்டிய வளர்தட்டில்தான் நடக்கிறது. அங்கே பட்ட அடியின் முழு விளைவு, பையன் வளர்ந்து முடிக்கும்போதுதான் தெரியும். கால் குட்டையானால் இன்னொரு ஆபரேஷன். இப்போதைய பில்லை மட்டும் கணக்குப் பார்த்து முடித்துக்கொண்ட பெற்றோர், பிள்ளைக்குப் பதினைந்து வயதாகும்போது திரும்பி வந்து கேட்டால் நான் செய்வதற்கு எதுவும் இருக்காது.

அண்ணன் சொல்லும் கோவை நுகர்வோர் வழக்கை விட்டுவிடுங்கள். குடியிருக்கும் இடத்தில் வழக்குப் போடச் சட்டம் இடம் தருவது உண்மைதான், ஆனால் நீங்கள் குடியிருப்பது பாலக்காடு மாவட்டம். அதைவிடப் பெரிய தடை, கல்வி நிறுவனம் தருவது நுகர்வோர் சட்டத்தின் ‘சேவை’ ஆகாது என்று தேசிய நுகர்வோர் ஆணையம் 2020-ல் சொன்ன தீர்ப்பு. முதல் நாளே அதைத்தான் எடுத்து நீட்டுவார்கள். பள்ளிச் சுற்றுலாவில் மூளைக்காய்ச்சல் வந்து படுக்கையில் விழுந்த பெங்களூரு மாணவிக்கு 88 லட்சத்துக்கு மேல் கிடைத்ததைக் காட்டித்தான் அண்ணன் 50 லட்சம் சொல்கிறார் என்று நினைக்கிறேன். 2021-ல் உச்ச நீதிமன்றம் அதைத் திரும்ப நிலைநாட்டியது உண்மை. அந்தப் பெண்ணின் வாழ்க்கை முழுவதுமாக முடங்கிப்போனது. உங்கள் பையன் நடக்கப் போகிறான். இரண்டையும் ஒன்றாக வைக்காதீர்கள்.

சிவில் வழக்கு, தவறு நடந்த இடமும் பள்ளி இருக்கும் இடமும் ஆன பாலக்காடு மாவட்டத்தில்தான். குழந்தைகளின் ஊனத்துக்கு வாகன விபத்து வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றம் போட்ட அளவு 10 சதவீதம் வரை 1 லட்சம், 30 சதவீதம் வரை 3 லட்சம், சிகிச்சைச் செலவு தனி. பிற்காலத் தீர்ப்புகள் இதைத் தாண்டிப் போயிருக்கின்றன, இருந்தாலும் எதிர்த்தரப்பு இதைத்தான் காட்டும். இன்னொன்று: பையனின் உரிமைக்கு அவனுக்கு 21 வயது ஆகும்வரை காலம் உண்டு. நீங்கள் கட்டிய பில் உங்கள் கோரிக்கை, அதற்கு மூன்றே வருடம். மைனர் வழக்குத்தானே, நிதானமாகப் போடலாம் என்று இருந்து செலவுத் தொகையை இழந்தவர்கள் உண்டு.

என் யோசனை, சமரசம் செய்துகொள்ளுங்கள். உங்களிடம் பி.டி.ஏ. பதிவு இருக்கிறது, அவர்களிடம் ஆஸ்பத்திரி வரி இருக்கிறது. இரண்டு பக்கமும் பயப்பட வேண்டிய நேரத்தில்தான் நல்ல சமரசம் வரும். ஆனால் அதை மேனேஜர் அறையில் முடிக்கக் கூடாது. வழக்கைத் தாக்கல் செய்து, சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 32 விதி 7-ன்படி நீதிமன்றத்தின் அனுமதியோடு முடியுங்கள். இது குழந்தையின் நன்மைக்கு என்று வக்கீலும் சான்று எழுதித் தர வேண்டியிருக்கும், அதனால் மோசமான தொகைக்கு அவ்வளவு எளிதில் இறங்க மாட்டார். ஆன செலவு முழுவதும், பையன் பெயரில் 18 வயது வரை வங்கி வைப்பு, வளர்தட்டுக்காகப் பின்னால் ஆபரேஷன் வந்தால் அந்தச் செலவைப் பள்ளி ஏற்கும் என்ற வரி ஆகிய மூன்றும் கட்டாயம் இருக்க வேண்டும். மூன்றாவதுக்கு அவர்கள் ஒத்துக்கொள்ளாவிட்டால் வைப்புத் தொகையைக் கூட்டிக் கேளுங்கள். சமரச மன்றமான லோக் அதாலத்தில் முடித்தால் அதன் மேல் அப்பீல் கிடையாது என்பதை மறக்க வேண்டாம்.

வக்கீல் செலவுக்குக் கடன் வாங்காதீர்கள். குழந்தைக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு, தாலுகா சட்டப்பணிக் குழுவில் மனு கொடுங்கள். போகும்போது கணவரையும் கூட்டிப் போங்கள். ஆஸ்பத்திரியில் சொன்னவர் அவர், பிரமாணப் பத்திரம் அவர் பெயரில்தான் வர வேண்டும். அதற்கு முன், பி.டி.ஏ. கூட்டத்தில் பேசிய அந்த இரண்டு அம்மாக்களை இந்த வாரமே பாருங்கள். அவர்கள் பிள்ளைகளும் அதே பள்ளியில்தான் படிக்கிறார்கள், தயங்குவார்கள். கோர்ட்டுக்கு வா என்று நெருக்காமல், என்று பேசினோம், என்ன பேசினோம் என்று அவர்கள் கைப்பட நாலு வரி எழுதித் தேதி போட்டுத் தரச் சொல்லுங்கள்.